பேனா அழித்த 90 நிமிடங்கள்

இந்தச் சித்திரையில் என் தாய்மாமனின் பேரன் சென்னையிலிருந்து பேசினான். “தாத்தா கர்ணன் வேடம் கட்டிய கூத்தை நெட்டில் ஏற்றி வைத்திருப்பதாகச் சொன்னீர்களே மாமா, லிங்க் அனுப்புங்கள். கல்லூரியில் கேட்கிறார்கள்” என்றான். அனுப்புகிறேன் என்று சொல்லிவிட்டு 2009ஆம் ஆண்டு டைரியைத் தேடி எடுத்தேன். பின்னட்டையின் உட்புறத்தில் என் கையெழுத்தில் ஆறு முகவரிகள் ஒன்றன்கீழ் ஒன்றாக இருந்தன. முதல் முகவரியைத் தட்டினேன். அந்தத் தளமே இப்போது இல்லை. அந்தப் பெயர் விற்பனைக்கு இருப்பதாக ஓர் அறிவிப்பு வந்தது. மற்ற ஐந்தும் அதே தளத்தின் முகவரிகள்தான், தட்டிப் பார்க்கத் தேவையே இல்லை. இருந்தாலும் ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்தேன்.

அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. மூலக் கேசட்டுகளும் இல்லை. 2013இல் மாமா ஓட்டு வீட்டைப் பிரித்துத் தளம் போட்டபோது, கேசட்டுகள் இருந்த டிரங்குப் பெட்டியை என்ன செய்வது என்று என்னைத்தான் கேட்டார். “எல்லாம் நெட்டில் பத்திரமாக இருக்கிறது மாமா, போட்டுவிடலாம்” என்று சொன்னவன் நான். பெட்டி பழைய இரும்புக்காரர் வண்டியில் ஏறிப் போய்விட்டது.

என் தாய்மாமன் கலவைப் பக்கத்துக் கிராமம் ஒன்றில் கூத்து வாத்தியார். இன்றைக்கு அது ராணிப்பேட்டை மாவட்டம். 1994இல் வடாற்காடு அம்பேத்கர் மாவட்டம். அந்த ஆண்டு வைகாசியில், ஊர் திரௌபதி அம்மன் கோயில் பாரதத்தில் அவர் கர்ணன் கட்டினார். இரவு பத்து மணிக்குத் தொடங்கிய கூத்து காலை ஏழு மணிக்கு முடிந்தது. என் அண்ணன் பின்பாட்டுக்காரர்களுக்குப் பக்கத்தில் டேப் ரெக்கார்டரோடு உட்கார்ந்து, 90 நிமிடக் கேசட்டுகள் ஆறில் அந்த ஒன்பது மணி நேரத்தையும் பிடித்தார். முகவீணை என்ற சிறு ஊதுகருவி, ஹார்மோனியம், மிருதங்கம், கட்டியங்காரனின் பேச்சு, குழந்தை அழும் சத்தம், விடியற்காலை டீக்கடைப் பாத்திரச் சத்தம் எல்லாம் அதில் இருந்தன. அன்றைக்கு ஆடிய ஜமாவில், அதாவது கூத்துக் குழுவில், ஏழு பேர். அவர்களில் இருவர் இப்போது உயிரோடு இல்லை.

2009இல் நான் வேலூர் பழைய பஸ் நிலையம் அருகே ஒரு பிரௌசிங் சென்டரில் இரவு வேலை பார்த்தேன். இணைப்பின் வேகம் 256 கிலோபிட். இரவு 2 மணி முதல் காலை 8 மணி வரை எவ்வளவு இறக்கினாலும் கணக்கில் சேராது. எங்கள் ஊரின் பதிவிறக்கப் பண்பாடு முழுவதும் அந்த ஆறு மணி நேரத்துக்குள் வாழ்ந்தது. ரேப்பிட்ஷேர் போன்ற கோப்புக் கிடங்குகள், அதாவது கோப்பை ஏற்றி முகவரியைப் பகிரும் தளங்கள், இலவசப் பயனர்களுக்குக் கோப்பின் அளவில் எல்லை வைத்திருந்தன. 100 எம்.பி. துண்டுகள்தான் வழக்கம். அதனால் ஒரு படம் ஏழெட்டுப் பாகங்களாக வெட்டப்பட்டு வரும். ஒரு பாகம் இறங்க ஏறக்குறைய ஐம்பது நிமிடம். முடிந்ததும் அடுத்த பாகத்துக்குக் காத்திருக்கச் சொல்லும். மோடத்தை அணைத்துப் போட்டால் நம் இணைப்புக்கு வேறு ஐ.பி. எண் கிடைக்கும், காத்திருக்க வேண்டாம். 2008 வாக்கில் ரேப்பிட்ஷேர் ஒரு சோதனை வைத்தது: படத்தில் உள்ள எழுத்துகளில் பூனை ஒட்டியிருப்பவற்றை மட்டும் தட்டச்சு செய்ய வேண்டும். விடியற்காலை நான்கு மணிக்கு, பூனை எது நாய் எது என்று கண்ணைக் கசக்கிக்கொண்டு பார்த்தவர்கள் இந்த ஊரில் நான் ஒருவன் மட்டும் அல்ல.

அந்த இரவுகளில் கற்றுக்கொண்ட வித்தையை மாமாவின் கூத்துக்குப் பயன்படுத்தினேன். டேப் ரெக்கார்டரின் ஹெட்போன் துளையிலிருந்து கணினிக்குக் கேபிள் போட்டு, ஒவ்வொரு பக்கமாக ஓடவிட்டு, நொடிக்கு 128 கிலோபிட் வீதத்தில் எம்.பி.3 ஆக்கினேன். 45 நிமிடப் பக்கம் ஒன்று 41 எம்.பி. வந்தது. பன்னிரண்டு பக்கமும் சேர்ந்து 494 எம்.பி. கோப்புகளை ஒன்றாகக் கட்டிப் பாகங்களாக வெட்டும் வின்ரார் மென்பொருளில் 95 எம்.பி. வீதம் வெட்டினால் ஆறு பாகம். எம்.பி.3 ஏற்கெனவே சுருக்கப்பட்டது, மேலும் சுருங்காது. சென்டர் கணினியும் மெதுவானது. அதனால் சுருக்காமல் அப்படியே அடுக்கும் முறையைத் தேர்ந்தெடுத்தேன். அப்போதைய வழக்கப்படி கடவுச்சொல் ஒன்று போடலாமா என்று யோசித்து, கிராமத்து ஆட்களுக்குத் தொல்லை என்று விட்டுவிட்டேன். பின்னால் பிழைத்ததெல்லாம் இந்த இரண்டு முடிவுகளால்தான். ஆறு பாகமும் ஏற ஒரு முழு இரவு ஆனது. கையோடு ஒரு சி.டி.யிலும் எழுதினேன்.

சி.டி. கிடைத்தது. வேலூர் சத்துவாச்சாரியில் என் வீட்டுப் பரணில், திருமண ஆல்பத்துக்கு அடியில் இருந்தது. மேல்பக்கத்தில், விளிம்பிலிருந்து ஒரு விரல் அகலம் உள்ளே தள்ளி, வட்டத்தை ஒட்டி வளைத்து, பால்பாயிண்ட் பேனாவால் “மாமா கர்ணன் கூத்து 1994” என்று எழுதியிருந்தேன். அழகாக இருக்கட்டும் என்று அழுத்தி எழுதியிருக்கிறேன்.

சி.டி.யில் ஆபத்தான பக்கம் பளபளக்கும் அடிப்பக்கம் என்றுதான் பலரும் நினைக்கிறோம். அடியில் 1.2 மி.மீ. கனத்துக்குப் பிளாஸ்டிக் இருக்கிறது. அதில் விழும் கீறலைப் பெரும்பாலும் துடைத்தோ தேய்த்தோ சரிசெய்யலாம். தரவு இருக்கும் பூச்சு மேல்பக்கத்தில், பெயர் எழுதும் பரப்புக்கு நேர் கீழே, மெல்லிய அரக்குப் பூச்சுக்கு அடியில் இருக்கிறது. பேனா முனை அந்த அரக்கை அழுத்தினால் தரவு நசுங்கிவிடும். வட்டை வெளிச்சத்துக்கு நேராகப் பிடித்தேன். ‘மாமா’ என்ற எழுத்துகளின் வளைவுகளில் ஒளி ஊசி ஊசியாக இறங்கியது. அந்த எழுத்துகளைப் பார்த்தபடி நான் நெடுநேரம் உட்கார்ந்திருந்தேன்.

மடிக்கணினியில் போட்டதும் ஒன்று, இரண்டு, மூன்று, ஐந்து, ஆறு ஆகிய பாகங்கள் நகலெடுத்து வந்துவிட்டன. நான்காம் பாகத்தில் இயக்கி (சி.டி. டிரைவ்) முனகி நின்றது. சி.டி.யில் தரவு நடுவிலிருந்து வெளிநோக்கிச் சுருளாகப் போகிறது. 700 எம்.பி. வட்டில் 285 முதல் 380 எம்.பி. வரையுள்ள பகுதி எங்கே விழும் என்று கணக்குப் போட்டுப் பார்த்தேன்: மையத்திலிருந்து சுமார் 42 முதல் 46 மி.மீ. வரை. நான் எழுதிய வரி சரியாக அந்த வளையத்தின் மேல் உட்கார்ந்திருந்தது.

இங்கிருந்து டிடிரெஸ்க்யூ. லினக்ஸில் ஓடும் இலவச மென்பொருள். சாதாரண நகலெடுப்பு, வட்டின் ஒரு சிறு துண்டைப் (செக்டார்) படிக்க முடியவில்லை என்றால் அங்கேயே நின்றுவிடும். இது படிக்க முடிந்ததை எல்லாம் முதலில் அள்ளிக்கொண்டு, கெட்ட இடங்களைக் குறிப்பேட்டில் பதிந்து வைத்துப் பிறகு திரும்ப வரும். அந்தக் குறிப்பேடு இருப்பதால் பாதியில் நிறுத்தலாம், வேறு இயக்கியில் போட்டுத் தொடரலாம். மடிக்கணினி இயக்கியில் ஒரு சுற்று, நண்பரிடம் வாங்கி வந்த பழைய மேசைக் கணினி இயக்கியில் மூன்று சுற்று ஓட்டினேன். பழைய இயக்கி, புதியது கைவிட்ட இடங்களில் கணிசமானவற்றைப் படித்தது. நடுவில் இரண்டு முறை கரண்ட் போனது. விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தது.

கிடைத்த நான்காம் பாகம் சல்லடையாக இருந்தது. அந்த ஆரத்தில் வட்டு ஒருமுறை சுற்றினால் சுமார் 32 கிலோபைட். 128 கிலோபிட் ஒலியில் அது இரண்டு நொடி. எழுத்து வட்டத்தில் கால்பங்குக்கு மேல் பரவியிருந்தது. ஆகவே ஒவ்வொரு இரண்டு நொடியிலும் அரை நொடிக்கு மேல் காணாமல் போயிருந்தது. பாகத்தின் தலைப்பும் அடிபட்டிருந்ததால் வின்ரார் அதைத் தொடவே மறுத்தது.

இங்கே, சுருக்காமல் அடுக்கியதன் பலன். சுருக்காத ரார் கோப்புக்குள் எம்.பி.3 பைட்டுகள் அப்படியே வரிசையாக இருக்கின்றன. எம்.பி.3 என்பது 26 மில்லி நொடித் துண்டுகளின் சங்கிலி. 128 கிலோபிட்டில் ஒரு துண்டு 417 அல்லது 418 பைட். ஒவ்வொரு துண்டும் தன் தலையில் ஓர் அடையாளத்தைத் தாங்கியிருக்கிறது. ஒலிப்பானை நடுவில் எங்கே இறக்கிவிட்டாலும் அடுத்த அடையாளத்தைப் பிடித்துக்கொண்டு பாட ஆரம்பித்துவிடும். ஐந்தாம் பாகத்தின் முதல் 32 எம்.பி.யைத் தனியே வெட்டி, எம்.பி.3 என்று பெயர் மாற்றி ஓடவிட்டேன். வின்ரார் “முந்தைய பாகத்திலிருந்து தொடங்கு” என்று தர மறுத்த பத்தாம் பக்கத்தின் கடைசி 35 நிமிடம் பழுதில்லாமல் ஒலித்தது. ஏழாம் பக்கத்தில் 41 நிமிடத்தை, சிதைந்த கோப்பையும் அழிக்காமல் வைத்துக்கொள்ளும் வசதியைத் தேர்ந்தெடுத்து மூன்றாம் பாகத்திலிருந்து எடுத்தேன். கடவுச்சொல் போட்டிருந்தால் உள்ளே இருப்பது மறைகுறியாகியிருக்கும், இந்த வெட்டு வேலை எதுவும் நடந்திராது.

மிச்சம் எட்டாம், ஒன்பதாம் பக்கங்கள். கடிகாரப்படி விடியற்காலை மூன்றேகாலிலிருந்து நாலேமுக்கால் வரை. போருக்குப் போகும் கர்ணன் பொன்னுருவியிடம் விடைபெறும் இடம் முழுவதும் அதற்குள் வருகிறது. சல்லடையை ஓடவிட்டேன். மாமாவின் குரல் இரண்டு நொடிக்கு ஒருமுறை அறுந்தது. விருத்தம் எழும், சொல் முடியும் முன் வெட்டுப்படும், அடுத்த அடியின் நடுவில் முளைக்கும். பத்து நிமிடத்துக்கு மேல் என்னால் கேட்க முடியவில்லை.

கோப்புக் கிடங்குகளைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும். என் கோப்பு இருந்த தளத்தின் விதிகளை இப்போதுதான் நினைத்துப் பார்க்கிறேன்: குறிப்பிட்ட நாட்களுக்கு யாரும் இறக்காத கோப்பு நீக்கப்படும். அதைப் படித்துத்தான் ‘சரி’ என்று அழுத்தியிருக்கிறேன். பெரிய தளங்களின் கதையும் இதுதான். மெகாஅப்லோடை 2012 ஜனவரி 19 அன்று அமெரிக்க நீதித்துறை முடக்கியது. திருட்டுப் படங்களோடு, சொந்த வேலைகளை அங்கே வைத்திருந்த சாதாரண மக்களின் கோப்புகளும் கைக்கு எட்டாமல் போயின. 2002இல் தொடங்கிய ரேப்பிட்ஷேர் 2015 மார்ச் 31 அன்று மூடப்பட்டது. ஜிப்பிஷேர் 2023இல், அதே மார்ச் 31 அன்று. என் ஆறு பாகங்கள் இந்த மூன்றில் எதிலும் இல்லை. ஆனால் எங்கே வைத்திருந்தாலும் முடிவு ஒன்றுதான். அவை பொருள் கைமாறும் சந்தைகள். சந்தையில் இறக்கிய மூட்டையை அங்கேயே விட்டுவிட்டு வந்து, வீட்டில் பத்திரமாக இருப்பதாக நான் பதினாறு ஆண்டுகள் நம்பியிருந்தேன். அந்தச் சந்தையிலிருந்து யாராவது எடுத்துப் போயிருந்தால் மட்டுமே எட்டும் ஒன்பதும் எங்கேயாவது இருக்கும்.

மாமாவிடமே போய் நடந்ததைச் சொன்னேன். கோபப்படவில்லை. சிறிது நேரம் பேசாமல் இருந்துவிட்டு, “மாப்பிள்ளை, ஆற்காட்டில் பாய் கடையில் என் கூத்தைப் போட்டுக் கொடுத்தார்களே, அது உனக்குத் தெரியாதா?” என்று கேட்டார்.

எனக்குத் தெரியாது. 2010 வாக்கில் எங்கள் பக்கத்துப் பஸ் நிலையங்களைச் சுற்றி மெமரி கார்டு கடைகள் முளைத்திருந்தன. செல்போனையும் கார்டையும் கொடுத்தால் இருபது முப்பது ரூபாய்க்கு நூற்றுக்கணக்கில் பாட்டு ஏற்றித் தருவார்கள். கடைக்காரர் இரவில் இறக்குவார், பகலில் ஏற்றி விற்பார். வீட்டில் இணையம் இல்லாதவர்களுக்கு அந்தக் கடைகள்தான் இணையம். அதில் பாட்டு எழுதியவருக்கும் இசையமைத்தவருக்கும் ஒரு பைசா போகவில்லை. அதைச் சரி என்று நான் சொல்லமாட்டேன். சென்டரில் நான் இறக்கிக் கொடுத்த படங்களும் அப்படித்தான், அந்தக் குறை என்னிடமும் இருக்கிறது. 1998 முதல் தன்னார்வலர்கள் பழந்தமிழ் நூல்களைத் தட்டச்சு செய்து யாரும் இறக்கிக்கொள்ளத் தந்த மதுரைத் திட்டமும் அதே காலத்தில் நடந்துகொண்டுதான் இருந்தது. இரண்டையும் நாங்கள் ‘ஃப்ரீ டவுன்லோடு’ என்ற ஒரே சொல்லால் அழைத்தோம். அந்த ஒரே சொல், யார் கொடுத்தது யாரிடமிருந்து எடுத்தது என்ற கேள்வியை எங்கள் வாயிலிருந்து நீக்கிவிட்டது.

மாமாவின் கூத்தும் அப்படி எடுக்கப்பட்டதுதான். தன் குரல் முப்பது ரூபாய்க் கார்டில் போவதை அவர் நேரிலேயே பார்த்திருக்கிறார். “யாராவது கேட்டார்களா, பணம் கொடுத்தார்களா?” என்றேன். “இல்லை. ஆனால் கலவையிலிருந்து செய்யாறு வரைக்கும் என் கர்ணனைக் கேட்டதாகச் சொன்னார்கள்” என்றார்.

பாய் இப்போது செல்போன் உறையும் கண்ணாடித் தாளும் விற்கிறார். விவரத்தைக் கேட்டதும் கடைப்பையனை விட்டுப் பரணிலிருந்து பழைய கணினிப் பெட்டியை இறக்கச் சொன்னார். “பன்னிரண்டு வருடமாகத் தூங்குகிறது. ஓடினால் எடுத்துக்கொள்ளுங்கள்” என்றார். அங்கேயே மின்சாரம் கொடுத்துப் பார்க்கலாம் என்று பையன் ஒயரை எடுத்துவிட்டான். நான் தடுத்தேன். நெடுநாள் தூங்கிய ஹார்டு டிஸ்கிலிருந்து நேராக விண்டோஸை எழுப்பினால் அது உடனே எழுத ஆரம்பிக்கும், சரிபார்க்கிறேன் என்று அழிக்கவும் செய்யும். 160 ஜி.பி. டிஸ்கைக் கழற்றித் துணியில் சுற்றி எடுத்து வந்தேன்.

வீட்டில் யு.எஸ்.பி. அடாப்டரில் மாட்டி, மேசை விசிறியை அதன்மேல் திருப்பி வைத்து, நேராக டிடிரெஸ்க்யூவை ஓட்டினேன். திறந்து பார்க்கும் ஆசையை அடக்குவதுதான் கடினமாக இருந்தது. முதல் சுற்று இரண்டு மணி நேரத்தில் முடிந்தது. மீதி இருந்த கெட்ட இடங்களுக்காக விடியும்வரை ஓடியது. பிறகு மூல டிஸ்கை எடுத்து வைத்துவிட்டு, நகல் பிம்பத்தை, படிக்க மட்டும் முடிகிற வகையில் திறந்தேன். படப் பாட்டு, பக்திப் பாட்டு, நகைச்சுவை என்று உறைகள் (ஃபோல்டர்கள்) வரிசையாக இருந்தன. ‘கிராமியம்’ என்ற உறைக்குள் கூத்து ஒன்று முதல் பன்னிரண்டு வரை இருந்தது. மாமா பெயர் அழிக்கப்பட்டு எல்லாவற்றிலும் கடையின் பெயரும் போன் எண்ணும் போடப்பட்டிருந்தன. அப்போது எனக்கு அதுகூட இனித்தது.

ஒவ்வொன்றும் 20 எம்.பி.தான். கார்டில் இடம் பிடிக்கக் கூடாது என்று 64 கிலோபிட்டுக்கு இறக்கியிருக்கிறார்கள். முகவீணையின் மேல் ஓசை மழுங்கிவிட்டது, தாளத்தின் கணீர் ஒலி மணலில் விழுந்ததுபோலக் கேட்கிறது. ஆனால் குரல் முழுசாக இருந்தது. எட்டாம் பக்கம் தொடக்கம் முதல் கடைசிவரை ஓடியது. ஏழின் வாலும் பத்தின் தலையும் கிடைத்துவிட்டன. ஒன்பதாம் பக்கத்தில்தான் சுமார் மூன்று நிமிட அளவுக்கு டிஸ்க் படிக்கவில்லை.

அந்த மூன்று நிமிடத்துக்காகச் சல்லடைக்குத் திரும்பினேன். அதை அப்படியே ஒலிக்கவிட்டால் ஒலிப்பான் ஓட்டைகளைத் தாண்டிக் குதித்துவிடும், நேரம் சுருங்கிவிடும். 128 கிலோபிட் நிலையான வீதம் என்பதால் நொடிக்கு 16,000 பைட். ஒரு துண்டு கோப்பில் எங்கே இருக்கிறது என்று தெரிந்தால் அது எத்தனையாவது நொடி என்று சொல்லிவிடலாம். ஓட்டைகளின் நீளத்துக்கு மௌனம் இட்டு, தொண்ணூற்றுச் சொச்சம் துண்டுகளை ஆடாசிட்டி என்ற ஒலித் தொகுப்பு மென்பொருளில் அதனதன் இடத்தில் வைத்தேன். இரண்டு பிரதிகளையும் ஒட்ட, முகவீணையின் ஒரு நீண்ட சுரம் கைகொடுத்தது. நான்கு மாலைகள் ஆயின. விட்டுவிட்டு வரும் அந்த மூன்று நிமிடத்தை நான் மெருகேற்றவில்லை. கேட்பவருக்கு எது போனது என்று தெரியட்டும் என்று அறுந்தது அறுந்தபடியே வைத்தேன்.

இப்போது முழுக் கோப்புகளும் மூன்று இடத்தில் இருக்கின்றன: என் ஹார்டு டிஸ்க், மாமா வீட்டு அலமாரி, பேரனின் கணினி. கோப்பு சிதைந்தால் காட்டிக்கொடுக்கும் சரிபார்ப்பு எண்ணை ஒவ்வொன்றுக்கும் எடுத்துத் தாளில் எழுதி வைத்தேன். இணைய ஆவணக் காப்பகத்தில் ஏற்றவேண்டும் என்பது பேரனின் விருப்பம். 2009இல் நான் ஏழு பேரில் யாரையும் கேட்காமல் ஏற்றினேன். நம் நாட்டுச் சட்டப்படி நிகழ்த்துகலைஞர் உரிமை 50 ஆண்டு. 1994 கூத்துக்கு அது 2044 முடிய நீடிக்கும். சட்டம் இல்லாவிட்டாலும் கேட்டிருக்க வேண்டும். நான்கு பேர் சம்மதம் எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். காலமான ஹார்மோனியக்காரர் வீட்டில், அவர் மகள் முதலில் அப்பாவின் வாசிப்பைக் கேட்கவேண்டும் என்றார். பென் டிரைவில் போட்டுக் கொடுத்து வந்திருக்கிறேன். எல்லாருடைய பதிலும் வரும்வரை ஏற்றமாட்டேன்.

பாயின் டிஸ்கில் இன்னொரு உறை இருந்தது. பெயர் இல்லை, நாலு கோப்புகள், மூன்று மணி நேரக் கூத்து. யார் பதிந்தது, எந்த ஊர், ஒன்றும் தெரியவில்லை. பாய்க்கும் நினைவில்லை. மாமாவுக்குப் போட்டுக் காட்டினேன். கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தவர் திடீரென்று கையைத் தூக்கி நிறுத்தச் சொன்னார். “இந்த முகவீணையை எனக்குத் தெரியும். மூச்சை இப்படி இழுத்து விடுபவர் ஒருவர்தான் இருந்தார். செய்யாற்றுக்கு அந்தப் பக்கம். பிள்ளைகள் அங்கேதான் இருக்கவேண்டும்.”

ஞாயிற்றுக்கிழமை காலை ஆற்காட்டில் சந்தித்துச் செய்யாறு பஸ் ஏறுகிறோம். நாலு கோப்புகளையும் இரண்டு பென் டிரைவ்களில் எழுதி உறையில் போட்டுவிட்டேன். உறையின்மேல் பெயர் எழுத இடம் விட்டிருக்கிறேன்.